பதவி நீக்கக் கடிதம் வந்த பிறகு: நியாய சபையா, உயர் நீதிமன்றமா?

கொழும்பு வெள்ளவத்தையில் எங்கள் கீழ்வீட்டு ஆசிரியை, தாயாரின் நோய்க்காக விடுமுறையை நீட்டிக் கேட்டிருந்தார். பதிலாக வந்தது ஒரு பதிவுத் தபால். சிங்களத்தில் நான்கு வரி: அவர் பதவியை விட்டு விலகியவராகக் கருதப்படுகிறார். அன்றிரவே மேன்முறையீடு எழுதி அனுப்பிவிட்டு, பதிலுக்காகக் காத்திருந்தார். ஐந்தாம் மாதம் புதுக்கடையில் ஒரு சட்டத்தரணியைப் பார்த்தபோதுதான், உயர் நீதிமன்றத்துக்குப் போகும் காலம் எப்போதோ கடந்துவிட்டது என்று தெரிந்தது. இப்படி இன்னொருவருக்கு நடக்கக்கூடாது என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

வேலை நீக்க வழக்குகளை விசாரிக்கும் தொழில் நியாய சபைக்குப் போகலாமே என்று பலர் சொல்வார்கள். அரச பாடசாலை ஆசிரியருக்கு அந்த வழி இல்லை. கைத்தொழில் பிணக்குகள் சட்டத்தின் 49ஆம் பிரிவு அரசாங்க ஊழியர்களை விலக்கிவைத்திருக்கிறது.

மத்திய கல்வி அமைச்சின் கீழுள்ள தேசிய பாடசாலை ஆசிரியருக்கு மீதமிருப்பவை முக்கியமாக இரண்டு வழிகள்.

ஒன்று, அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு. இதன் பலம் பெரிது. நீதிமன்றம் நியாயமென்று கருதும் எந்த நிவாரணத்தையும் வழங்கலாம். ஆனால் காலம் ஒரே ஒரு மாதம். அரச ஊழியரின் நியமனத்தையும் ஒழுக்காற்றையும் கையாளும் அரசாங்க சேவை ஆணைக்குழுவுக்கு மேன்முறையீடு செய்திருக்கிறேன் என்று சொன்னாலும் அந்த மாதம் நிற்காது. வேறு நிவாரணம் தேடுவது காலத்தைத் தடுக்காது என்பது 1988 முதல் உறுதியான நிலைப்பாடு. மேலும், வழக்கு சத்தியக் கடதாசிகளை, அதாவது சத்தியம் செய்து எழுதிக்கொடுக்கும் வாக்குமூலங்களை, வைத்தே நடக்கும். சாட்சியைக் கூண்டில் ஏற்றி, அதிபர் சொன்னது பொய் என்று நிறுவ அங்கே இடமில்லை. விசாரணையே இல்லாமல் நீக்கினார்கள், அதே தவறைச் செய்த மற்றவரை விட்டுவிட்டு என்னை மட்டும் பிடித்தார்கள் என்பவருக்கு 12(1)ஆம் உறுப்புரை தரும் சமத்துவ உரிமை கைகொடுக்கும்.

மற்றது, நிர்வாக மேன்முறையீட்டு நியாய சபை. முதலில் ஆணைக்குழுவுக்கு மேன்முறையிட்டு, அதன் முடிவும் பாதகமானால் இங்கே வரலாம். ஆணைக்குழுவின் கட்டளையை மாற்றவோ முற்றாக நீக்கவோ 59ஆம் உறுப்புரை இதற்கு அதிகாரம் தருகிறது. குற்றப்பத்திரிகையில் சொன்னது நிரூபிக்கப்பட்டதா, தண்டனை தவற்றுக்கு மிஞ்சியதா என்ற கேள்விகளுக்கு என் கணிப்பில் இதுவே பொருத்தமான இடம். தாமதம்தான் இதன் குறை. சம்பளமில்லாமல் காத்திருக்கும் குடும்பத்துக்கு அது சிறிய குறையல்ல.

ஆணைக்குழுவின் முடிவை எதிர்த்து நேரே மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை (ரிட்) கேட்க 61அ உறுப்புரை தடையாக நிற்கிறது. நியாய சபையின் முடிவை எதிர்த்து அங்கே போகலாம். இந்த வேறுபாட்டைக் கவனிக்காததால் தள்ளுபடியான மனுக்கள் உண்டு.

எதைத் தேர்ந்தாலும் முதல் மாதத்துக்குள்ளேயே மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்துவிடுங்கள். அதன் பரிந்துரை யாரையும் கட்டுப்படுத்தாது என்பது உண்மை. ஆனால் 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி, அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் அந்த ஒரு மாதத்தில் சேராது. முறைப்பாடு கொடுத்த ரசீது மட்டும் போதாது. விசாரணை உண்மையில் நடக்கிறது என்று காட்ட வேண்டும். ஆகவே இலக்கத்தை வாங்கிக்கொண்டு வீட்டில் இருந்துவிடாதீர்கள். போய்க் கேளுங்கள், எழுத்தில் வாங்குங்கள்.

மாகாணப் பாடசாலை ஆசிரியரின் பாதை வேறு. அவர்மீதான ஒழுக்காற்று அதிகாரம் 1987ஆம் ஆண்டின் 42ஆம் இலக்க மாகாண சபைகள் சட்டத்தின்படி ஆளுநரிடம் இருக்கிறது. மாகாணப் பொதுச் சேவை ஆணைக்குழு அவரிடமிருந்து பெற்ற அதிகாரத்தில் இயங்குகிறது. அந்த ஆணைக்குழுவின் கட்டளையை மாற்றும்படி ஆளுநரிடம்தான் கேட்க வேண்டும்.

கீழ்வீட்டு ஆசிரியையின் மேன்முறையீடு இப்போது நியாய சபையில் இருக்கிறது. வைத்தியசாலைத் துண்டுகள், விடுமுறை விண்ணப்பத்தின் பிரதி, வலயக் கல்விப் பணிமனை அதைப் பெற்றுக்கொண்ட முத்திரை எல்லாம் கோப்பில் ஒழுங்காக இருக்கின்றன. கடிதம் வந்த உறை மட்டும் இல்லை. தபால் முத்திரையில் திகதி இருந்த அந்த உறையை, வந்த அன்றே குப்பையில் போட்டுவிட்டார்.