உதட்டுக் காயம் ஆறிய பிறகு எந்த மெடிக்கல் கோடு (code) போடுவது?

பாம்பனில் தூண்டில் போடும் ஒருவரை எடுத்துக்கொள்வோம். மீன் கழன்ற வேகத்தில் முள் தெறித்து வந்து கீழுதட்டைக் கிழித்துவிட்டது. தையல் போட்டு, பிரித்து, காயமும் ஆறிவிட்டது. எட்டு மாதம் கழித்து மறுபடி டாக்டரிடம் வருகிறார். தழும்பு இழுக்கிறது, உதட்டில் பாதி மரத்துக் கிடக்கிறது, தண்ணீர் குடித்தால் ஓரமாக வழிகிறது. வாய் முழுசாக மூடாததால் ப, ம எழுத்துகள் காற்றாகப் போகின்றன. "பாம்பன்" என்று ஒருமுறை சொல்லிப் பாருங்கள், உதடு இரண்டு தடவை ஒட்டியாக வேண்டும். சொந்த ஊர்ப் பெயரே அவருக்குச் சிரமம். இந்த வருகைக்கு என்ன கோடு?

கீழக்கரை, தொண்டி, மண்டபம் பக்கம் டிகிரி முடித்துவிட்டு மெடிக்கல் கோடிங், அதாவது டாக்டர் குறிப்பைப் பார்த்து நோய்க்கும் காயத்துக்கும் உரிய குறியீட்டைப் பதிகிற வேலை, படிக்கிற பிள்ளைகள் நிறைய. அவர்கள் கையில் வரும் சார்ட் (நோயாளியின் மருத்துவப் பதிவு) அமெரிக்காவினுடையது, போட வேண்டியது அந்நாட்டின் நோய்க் குறியீட்டுப் பட்டியலான ஐசிடி-10-சிஎம்மில் உள்ள கோடு. பாடம் மனசில் நிற்கட்டும் என்றுதான் பாம்பன் ஆளைக் கொண்டுவந்தேன். இந்த இடத்தில் என்னிடம் அடிக்கடி வரும் கேள்வி ஒன்று: "காக்கா (அண்ணன்), தையலும் பிரிச்சாச்சு, புண்ணும் ஆறிப்போச்சு, இன்னும் எதுக்குக் காயக் கோடு?" நியாயமான கேள்விதான். முன்னால் நான்கு வழிகள் இருக்கின்றன, ஒவ்வொன்றும் சரி மாதிரியே தெரியும்.

முதல் வழி, பழைய காயக் கோட்டையே எடுத்து ஏழாவது எழுத்தாக 'டி' சேர்ப்பது. உள்ளே எதுவும் தங்காத உதட்டுக் கிழிசலுக்கு எஸ்01.511. சிகிச்சை நடக்கும்போது கடைசியில் 'ஏ', ஆறிவரும் கட்டத்தில் 'டி', அதன் பின்விளைவுக்கு 'எஸ்'. தையல் பிரிக்க வந்த நாளுக்கு 'டி' பொருத்தம். (அந்த நாளுக்குத் தையல் பிரிப்புக்கான இசட்48.02 போடுகிறவர்கள் உண்டு. காயத்துக்குப் பின்பராமரிப்பு இசட் கோடுகள் போடக் கூடாது, காயக் கோட்டோடு 'டி' போதும்.) ஆனால் எட்டு மாதம் கழித்து வந்தவருக்கு ஆறிக்கொண்டிருக்கும் காயம் ஏது? அவரிடம் இருப்பது அந்தக் காயம் விட்டுப்போன கோளாறு. ஆகவே 'டி' இங்கே தவறு.

இரண்டாவது, இசட்87.828. ஆறிப்போன காயம் முன்பு இருந்தது என்ற வரலாற்றுக் கோடு. இப்போது எந்தத் தொந்தரவும் இல்லாதவருக்குத்தான் அது. வாயோரம் தண்ணீர் வழிகிற மனிதருக்கு அதைப் போட்டால் அவருடைய கஷ்டமே பதிவில் இல்லாமல் போய்விடும். எனக்கு இதில்தான் கோபம் வரும்.

மூன்றாவது, இணையத்தில் தேடினால் கிடைக்கும் டீ90.1. இது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10இல் உள்ளது, தலைப்பகுதித் திறந்த காயங்களின் பின்விளைவு எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே கோடு. உச்சந்தலை கிழிந்தவரும் உதடு கிழிந்தவரும் ஒரே கூடையில். அங்கே ஓராண்டு கடந்த பாதிப்பையும் பின்விளைவாகக் கொள்ளலாம் என்று ஒரு கணக்கு வேறு உண்டு. அமெரிக்கப் பதிப்பில் டீ90.1 கிடையாது, காலக்கெடுவும் கிடையாது. பின்விளைவு இரண்டே மாதத்திலும் தெரியலாம், பல வருடம் கழித்தும் தெரியலாம். இதற்கு முந்தைய பதிப்பான ஐசிடி-9 காலத்தில் அமெரிக்காவிலும் 906.0 என்று தலை, கழுத்து, உடற்பகுதி எல்லாம் கலந்த கோடுதான் இருந்தது. 2015 அக்டோபர் 1 முதல் ஐசிடி-10-சிஎம் வந்த பிறகுதான் 'எஸ்' எழுத்தின் புண்ணியத்தில் உதடு உதடாகவே பதிவில் நிற்கிறது.

நான்காவது வழிதான் சரியானது: இரண்டு கோடு. இன்று எது தொந்தரவோ அது முதலில், அது எந்தக் காயத்தால் வந்தது என்பது அடுத்து. நம்ம ஆளுக்குத் தழும்புதான் பிரச்சினை என்றால் எல்90.5, பிறகு எஸ்01.511எஸ். 'எஸ்' காயக் கோட்டில் மட்டும்தான், தழும்புக் கோட்டில் ஒட்டக் கூடாது. வரிசை மாறினால் கோடு இரண்டும் சரியாக இருந்தும் பதிவு தப்பு. டாக்டர் இன்று பார்த்தது தழும்பைத்தானே, கிழிசலை இல்லையே.

சரி, முதல் கோடு எப்போதும் எல்90.5தானா? இங்கேதான் உண்மையான போட்டி. டாக்டர் "தழும்பு" என்று எழுதினால் எல்90.5, புடைத்த தழும்பு, கீலாய்டு (காய எல்லையைத் தாண்டி வளரும் தழும்பு) என்றால் எல்91.0. "உதட்டின் வடிவம் கெட்டுவிட்டது" என்று எழுதினால் கே13.0, அதாவது உதட்டு நோய்களின் பொதுக் கோடு. உதட்டின் சிவப்புக்கும் தோலுக்கும் நடுவில் ஓடும் எல்லை தைக்கும்போது ஒரு மில்லிமீட்டர் விலகினாலும் எதிரில் நிற்பவர் கண்ணுக்குப் படும், வாயைச் சுற்றியுள்ள தசை சேராவிட்டால் உதட்டில் பள்ளம் விழும். இதை வெறும் தோல் தழும்பாக எழுதினால் பாதிதான் சொன்னதாகும், அதனால் டாக்டர் குறிப்பில் வடிவக் கேடு என்ற சொல் இருந்தால் நான் கே13.0 பக்கம்தான். மரத்துப்போனது தனியாக எழுதப்பட்டிருந்தால் உணர்வே இல்லை என்பதற்கு ஆர்20.0, குறைந்துள்ளது என்பதற்கு ஆர்20.1. பேச்சுக் குழறல் என்று டாக்டரே குறித்திருந்தால் ஆர்47.1. கீழுதட்டுக்கு உணர்வு கொடுப்பது தாடையிலிருந்து வரும் நரம்பு என்று நமக்குத் தெரியும்தான், அதற்காக நாமே நரம்புக் காயக் கோட்டை எடுத்துப் போடக் கூடாது. அதை எழுத வேண்டியவர் டாக்டர்.

காயத்தின் வகையும் பழையதுதான் வர வேண்டும். முள் குத்தி மட்டும் இருந்தால் எஸ்01.531, உடைந்த முள் உள்ளே தங்கிய கிழிசல் என்றால் எஸ்01.521, கடி என்றால் எஸ்01.551, எதுவானாலும் கடைசியில் 'எஸ்'. காயம் எப்படி நேர்ந்தது என்று சொல்லும் வெளிக்காரணக் கோடு போட்டால் அதற்கும் 'எஸ்'. நடந்த இடம், அப்போது செய்த வேலை ஆகியவற்றின் கோடுகள் முதல் வருகையோடு சரி, இங்கே வேண்டாம்.

அப்புறம், சார்ட்டில் "பழைய உதட்டுக் காயம், பார்வைக்கு வந்தார்" என்று மட்டும் இருந்தால் எதையும் ஊகித்துப் போடாதீர்கள். டாக்டருக்குக் க்வெரி (விளக்கம் கேட்கும் குறிப்பு) அனுப்புங்கள், அதிலும் "தழும்புதானே?" என்று பதிலைக் கையில் திணிக்காமல், இன்றைய வருகையில் நீங்கள் கண்ட பாதிப்பு என்ன, அது அந்தப் பழைய காயத்தால் வந்ததா என்று கேளுங்கள்.