காதுக்குள் கொப்புளம், கோணிய வாய், பறிபோன நாலு நாள்

காரைக்குடி, தேவகோட்டைப் பக்கம் இருக்கிறவர்கள் இதைக் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள். "முகவாதமா? 10 சிட்டிங்கில் குணம்" என்ற போர்டை நம்பி 12,000 ரூபாய் கட்டியவள் நான். பணம் போனது கூடப் பரவாயில்லை, நாலு நாள் போனதுதான் ஆறவில்லை. அதே ஆள் இப்போது இன்னொரு ஊரிலும் பேனர் கட்டியிருக்கிறான், அதனால்தான் எழுதுகிறேன்.

வீட்டில் பலகாரம் போட்டு விற்பது என் தொழில். போன வருடம் மாசியில், ஒரு கல்யாண ஆர்டருக்குச் சீப்புச் சீடைக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தபோது வலது காது சுருக்கென்று குத்தியது. மறுநாள் காதுக் குழியில் கடுகு கடுகாக நாலைந்து நீர்க்கொப்புளம். சூடு என்று விட்டுவிட்டேன். அடுத்த நாள் காலையில் வாய் கொப்பளித்தால் தண்ணீர் வலது கடைவாயில் ஒழுகிச் சேலையெல்லாம் ஈரம், கண்ணாடியைப் பார்த்தால் முகத்தில் ஒரு பாதி தொங்குகிறது, வலது கண் மூட மாட்டேன் என்கிறது. மாவைக் கிள்ளி நாக்கில் வைத்தேன். இடது பக்கம் உப்பு தெரிந்தது, வலது பக்கம் பஞ்சை வைத்த மாதிரி இருந்தது.

அன்றைக்கே அந்தப் போர்டு வைத்த சென்டருக்குப் போனேன். அது ஒரு பழைய செட்டிநாட்டு வீட்டின் முகப்பில் இருக்கிறது, திண்ணையை மறித்துக் கண்ணாடிக் கதவு போட்டிருக்கிறார்கள். வெள்ளைக் கோட்டு போட்டவன் என் காதை எட்டிக்கூடப் பார்க்கவில்லை. நானாகக் காட்டினேன். "அது சூட்டுக் கொப்புளம்மா, நரம்பு சுளுக்கியிருக்கு, கரண்ட் வச்சா இழுத்துக்கும்" என்றான். கன்னத்தில் கரண்ட், காதுக்குள் வெதுவெதுப்பான எண்ணெய். ஆஸ்பத்திரி மாத்திரை எதுவும் தொடக்கூடாதாம், கரண்ட் வேலை செய்யாதாம்! நாலாவது நாள் கண் சிவந்து, எழுந்தால் தலை சுற்றி, பக்கத்தில் தட்டு விழுந்தால் காதுக்குள் இடி விழுந்த மாதிரி ஆகிவிட்டது.

எதிர்வீட்டு ஆச்சி, இது அக்கி, காவி குழைத்து மேலே எழுதினால் போய்விடும் என்று, மண்பானை செய்கிற வேளாரிடம் கூட்டிப்போனார்கள். அவர் காவிக் கிண்ணத்தைக் கையில் எடுத்தவர், என் முகத்தைப் பார்த்ததும் கீழே வைத்துவிட்டார். "அக்கிதான் ஆச்சி. ஆனா காதுக்குள்ள வந்து வாயும் கோணியிருக்கு, இது நான் எழுதுற அக்கி இல்ல. இன்னைக்கே காது டாக்டரப் பாருங்க." காசு வாங்கவில்லை. அந்த நாலு நாளில் எனக்குச் சரியான வைத்தியம் சொன்ன ஒரே ஆள் அவர்தான்.

மதுரையில் காது மூக்கு தொண்டை டாக்டர் புருவத்தைத் தூக்கச் சொன்னார். வலது பக்க நெற்றியில் சுருக்கமே விழவில்லை. மூளையில் வரும் பக்கவாதம் என்றால் பெரும்பாலும் நெற்றி சுருங்குமாம், இது நரம்பிலேயே கோளாறு. (கை கால் மரத்தாலோ பேச்சு குழறினாலோ இதையெல்லாம் சோதித்துக்கொண்டிருக்காமல் 108-ஐக் கூப்பிடுங்கள்.) அப்புறம் காதுக்குள் விளக்கடித்துப் பார்த்துவிட்டு, ராம்சே ஹன்ட் நோய் என்றார். 1907-இல் அந்தப் பெயருள்ள அமெரிக்க டாக்டர் விவரித்ததாம்.

அவர் படம் போட்டு விளக்கினார். முகத்தை அசைக்கிற ஏழாவது மண்டை நரம்பு நம் வீடுகளைப் போல முகப்பிலிருந்து பின்கட்டு வரை நேராகப் போவதில்லை. காதெலும்புக்குள் ஒரு குறுகலான சந்தில் நுழைந்து முழங்கால் மாதிரி மடங்குகிறது. அந்த மடக்கில் ஒரு முடிச்சு, ஜெனிகுலேட் கேங்லியன் என்று பெயர். நாக்கின் முன் மூன்றில் இரண்டு பங்கு ருசியையும், காதுக் குழியில் கொஞ்சம் தொடு உணர்ச்சியையும் கொண்டுவரும் நரம்பணுக்கள் குடியிருப்பது அங்கேதான். சின்ன வயதில் போட்ட சின்னம்மையின் கிருமி அங்கேயே பல வருடம் தூங்கும், உடம்பு அசந்த நேரம் எழும். என் காதில் கொப்புளம், நாக்கில் ருசி போனது எல்லாம் அதனால்தான். சரி, வாய் ஏன் கோணுகிறது? முகத்தை அசைக்கும் இழைகள் அந்த முடிச்சில் நிற்பதில்லை, ஆனால் அதை ஒட்டித்தான் போகின்றன. முடிச்சு வீங்கினால் எலும்புச் சந்தில் விலக இடமில்லை, அவையும் நசுங்குகின்றன. பக்கத்திலேயே காது கேட்கவும் தடுமாறாமல் நிற்கவும் உதவுகிற எட்டாவது நரம்பு, அதனால்தான் தலைச்சுற்றல்.

கிருமிக்கு ஒரு மாத்திரையும் வீக்கத்துக்கு ஸ்டீராய்டும் சேர்த்து, முகம் கோணிய 72 மணி நேரத்துக்குள் தொடங்கினால்தான் பலன் அதிகமாம். நான் போனது ஐந்தாம் நாள். இருந்தாலும் கொடுத்தார், கண்ணுக்கு ஜெல்லும், ராத்திரி இமையை ஒட்டிவைக்க டேப்பும்.

பணத்தைத் திருப்பிக் கேட்டுப் போனேன். ரசீதை நீட்டினால், அதில் சிகிச்சை என்றே இல்லை, "தைலம் 12,000" என்று எழுதியிருக்கிறது. "தைலம்தான் பிரிச்சாச்சேம்மா" என்றான். வாங்கும்போது நான் ரசீதைப் படிக்கவில்லை, அது என் தப்பு.

இப்போது கண் மூடுகிறது, வாய் முக்கால்வாசி நேராகிவிட்டது. ஆனால் அறுந்த இழைகள் திரும்ப வளரும்போது வழி மாறி, எச்சில் சுரப்பிக்குப் போக வேண்டியது கண்ணீர்ச் சுரப்பியில் போய்ச் சேர்ந்துவிட்டதாம். பொங்கலுக்குக் கவுனி அரிசி சாப்பிட்டேன், வலது கண்ணில் மட்டும் பொலபொலவென்று தண்ணீர். "இனிப்புக்கு ஏன் ஆயா அழுகுறீங்க?" என்று பேத்தி முந்தானையை எடுத்துத் துடைத்துவிட்டாள்.