சண்டிகர் ராக் கார்டன்: மொத ரெண்டு பகுதிக்காகவே போகலாம்

பேர பாத்து ஏதோ பாறைங்க அடுக்கின பூங்கான்னு நெனச்சு ஸ்கிப் பண்ணிடாதீங்க. உள்ள கல்லும் இருக்கு, ஆனா பாதிக்கு மேல காயலாங்கடை சாமான்தான். ஒடஞ்ச வளையல், கப்பு சாசர் சில்லு, கக்கூஸ் பீங்கான், பியூஸ் கேரியர், தார் டிரம்மு, சைக்கிள் பிரேமுன்னு எதையும் விட்டு வெக்கல மனுசன்.

இத செஞ்சவர் நேக் சந்த். ஆர்ட் காலேஜ் பக்கமெல்லாம் போனவர் இல்ல, பொதுப்பணித்துறைல ரோடு இன்ஸ்பெக்டர், பிரிவினைல இப்போ பாகிஸ்தான்ல இருக்குற ஊர விட்டுட்டு வந்த குடும்பம். சண்டிகர கட்டுறதுக்காக அங்க இருந்த கிராமங்கள இடிச்சாங்கல்ல, அந்த இடிபாட்டுலேந்து பொறுக்கினத சைக்கிள்ல கொண்டாந்து, சுக்னா ஏரிகிட்ட கட்டடமே கட்டக்கூடாதுன்னு விட்டு வெச்சிருந்த காட்டுக்குள்ள 1950கள் கடைசிலேந்து வேல நேரம் போக மிச்ச நேரத்துல திருட்டுத்தனமா கட்டிட்டே இருந்திருக்கார். 70கள் நடுவுலதான் அதிகாரிங்க கண்ணுல பட்டுச்சு. சட்டப்படி பாத்தா இடிச்சிருக்கணும், ஆனா ஜனங்க அவர் பக்கம் நின்னுட்டதால 1976ல பொதுமக்களுக்கு தொறந்துவிட்டு, அவருக்கே சம்பளமும் 50 வேலையாளும் குடுத்து மேல கட்டச் சொல்லிட்டாங்க. 1984ல பத்மஸ்ரீ வேற. அரசாங்க ஆபீஸ்ல பைல் இப்படியும் நகருமான்னு இருக்கு!

சரி, உள்ள எப்படி? மொத்தம் மூணு பகுதி. மொத ரெண்டுல பாதையெல்லாம் குறுகல், ஒரு வளைவு திரும்புற வரைக்கும் அடுத்து என்னன்னே தெரியாது, வாசல்ங்க வேணும்னே குள்ளமா வெச்சிருக்கார், எவ்ளோ பெரிய ஆளா இருந்தாலும் குனிஞ்சுதான் போகணும். குனிஞ்சு நிமிந்தா எதிர்ல ஒரு பட்டாளமே நிக்குது, கொடம் தூக்குற பொம்பளைங்க, சிப்பாய்ங்க, கொரங்கு, மயிலுன்னு வரிசையா. தூரத்துலேந்து எல்லாம் ஒரே அச்சுன்னு தோணும், ஆனா ஒண்ணு கிட்ட போய் குத்த வெச்சு உக்காந்து பாருங்க, கண்ணாடி வளையல் துண்டுங்கள நெருக்கமா பதிச்சதுல அந்த வளைவுங்களே பாவாட மடிப்பா மாறிருக்கு, மூஞ்சி மட்டும் வெறும் சிமெண்ட்டு, அதுவும் ஒண்ணு மாதிரி ஒண்ணு இல்ல. மிருகம் சிலதுக்கு உள்ள எலும்பே பழைய சைக்கிள் பிரேமுதான்னு தெரிஞ்சப்புறம் திரும்பிப் போய் பாத்தேன், கழுத்து நிக்கிற வாகு அப்பதான் புரிஞ்சுது.

மூணாவது பகுதி எனக்கு அவ்ளோவா ஒட்டல. பெரிய பெரிய வளைவு, அதுல தொங்குற ஊஞ்சல், அருவி, மூஞ்ச கோணலா காட்டுற கண்ணாடின்னு அது பிக்னிக் ஸ்பாட், குழந்தைங்க இருந்தா அங்கேந்து கிளப்பவே முடியாது. செவுத்துல ஒட்டிருக்குற டைல்ஸ் சில்லு வேல மட்டும் நின்னு பாக்கலாம்.

போறவங்களுக்கு: மொத்தம் 40 ஏக்கர், நல்ல செருப்பு போட்டுக்கோங்க, படியும் ஏத்தமும் உண்டு, முட்டி வலி உள்ளவங்க, குழந்தை தள்ளுவண்டி கொண்டு போறவங்க யோசிச்சுக்கோங்க. ஞாயித்துக்கிழமைய தவிர்த்துட்டு காலைல தொறந்த உடனே போயிடுங்க, அந்த சந்துல கூட்டம் சேந்துட்டா செல்பி எடுக்குறவங்க முதுகத்தான் பாக்க முடியும். டிக்கெட்லாம் சல்லிசுதான். என் மார்க் அஞ்சுக்கு நாலரை, அர மார்க் அந்த ஊஞ்சலுக்காக கொறச்சது. பக்கத்துலயே, சண்டிகர் நகரத்தையே டிசைன் பண்ண ஆர்க்கிடெக்ட் லெ கார்புசியேவோட கேபிடல் காம்ப்ளெக்ஸ் (சட்டசபை, ஹைகோர்ட், தலைமைச் செயலகம் இருக்குற வளாகம்) இருக்கு, அதையும் பாக்கணும்னா கைடு கூடதான் விடுவாங்க, ஐடி கார்டு மறக்காதீங்க.