கொழிஞ்சாம்பாறையில் மாத வாடகைக்கு ஓர் எடிட்டிங் அறை

ஆவணப்பட எடிட்டரின் ஊதியம் பெரும்பாலும் படத்துக்கு இவ்வளவு என்று முன்னமே பேசி முடித்த ஒரு தொகைதான். வேலை நான்கு மாதம் இழுத்தாலும் ஒன்பது மாதம் இழுத்தாலும் அது ஏறாது. ஆகவே மணிக்கணக்கில் வாடகை வாங்கும் அறைகள், எத்தனை வசதி இருந்தாலும், எங்களுக்குக் கட்டுப்படியாவதில்லை. கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்தில் உள்ள கொழிஞ்சாம்பாறையில் பொள்ளாச்சி செல்லும் சாலையோரம், கல்யாண வீடியோ வேலைக்காகத் தொடங்கிய ஒரு மாடி அறையை மாதம் 9,000 ரூபாய்க்கு விடுகிறார்கள். முகூர்த்த மாதங்களில் கேட்டால் கிடைக்காது. ஆடியிலும் மார்கழியிலும் தாராளமாகக் கிடைக்கும்.

தமிழ்நாடும் கேரளமும் ஆற்று நீரைப் பகிர்ந்துகொள்ளும் பரம்பிக்குளம்–ஆழியாறு ஒப்பந்தப்படி கேரளத்தின் சிற்றூர் (சித்தூர்) பகுதிக்கு ஆண்டுதோறும் வரவேண்டிய 7.25 டிஎம்சி தண்ணீரை நம்பியிருக்கும் விவசாயிகளைப் பற்றிய படம் என்னுடையது. ஏறத்தாழ 40 மணி நேரப் பதிவு. விநாடிக்கு 25 பிரேம் ஓடும் 4கே பதிவைப் புரோரெஸ் 422 எச்கியூ என்ற உயர்தரக் கோப்பு வடிவத்தில் வைத்தால் மணிக்குச் சுமார் 330 ஜிபி, மொத்தத்தில் 13 டெராபைட்டுக்கு மேல் பிடிக்கும்; வெட்டும் வேலைக்கு மட்டும் பயன்படும் சிறிய நகலான எச்டி பிராக்ஸியாக்கினால் மணிக்கு 17 ஜிபியே போதும். அறையைப் பார்த்துக்கொள்ளும் தம்பி, நான் கேட்பதற்கு முன்பே, "முதல்ல பிராக்ஸி எடுத்துக்கங்கண்ணா, லேப்டாப்புல வீட்லயே வெட்டலாம்" என்றார். வாடகை வருமானம் குறையும் யோசனையைக் கடைக்காரரே சொல்வது இந்தத் தொழிலில் அபூர்வம்.

அறையின் உண்மையான பலம் ஒலி. வயதான ஒரு விவசாயி, கால்வாயில் தண்ணீர் எப்போது வரும் என்ற கேள்விக்குப் பதில் சொல்லாமல் இருக்கும் சில விநாடிகள் படத்தில் உண்டு. இங்குள்ள ஸ்பீக்கர்களில் கேட்டால், அந்த மௌனத்துக்கு அடியில் பக்கத்துத் தோட்டத்து மோட்டார் ஓடி நிற்பது துல்லியமாகத் தெரிகிறது. மோட்டார் நின்றபின் எத்தனை பிரேம் விட்டு வெட்டுவது என்பதை அங்கே உட்கார்ந்துதான் முடிவு செய்ய முடிந்தது. பேட்டிகளில் தமிழும் மலையாளமும் ஒரே வாக்கியத்துக்குள் கலந்து வரும். அந்தத் தம்பிக்கு இரண்டும் தண்ணீர்பட்ட பாடு என்பதால் சப்டைட்டில் வேலையும் சுலபமாயிற்று.

குறைகளும் உண்டு. நிறம் பார்க்க வைத்திருப்பது சாதாரண டிவி. அதை நம்பி கலர் கிரேடிங்கை முடிக்கக் கூடாது. ஏசியின் இரைச்சலால் மிக்ஸிங்கின்போது அதை அணைத்துவிட்டு வியர்க்க வேண்டும். திருவனந்தபுரத்தில் நடக்கும் கேரள சர்வதேச ஆவணப்பட, குறும்பட விழா போன்றவற்றில் திரையிட டிசிபி (திரையரங்குகளுக்கான டிஜிட்டல் பிரதி) தேவைப்பட்டால், கொச்சிக்கோ கோயம்புத்தூருக்கோதான் போக வேண்டும். யுபிஎஸ் இருப்பதால் மின்தடைக்கு அஞ்ச வேண்டியதில்லை என்றாலும் ஹார்ட் டிஸ்க்கில் இரண்டு பிரதிகளை நாமே வைத்துக்கொள்வது நல்லது. அறையில் இருப்பவை மாதக் கடைசியில் அழிக்கப்படும் என்று ரசீதிலேயே அச்சிட்டிருக்கிறார்கள்.

விளம்பரப் படமோ கதைப்படமோ செய்பவர்களுக்கு இது போதாது. நீண்ட பதிவும் குறைந்த பணமும் உள்ள ஆவணப்படக்காரர்கள், ரஃப் கட் எனப்படும் முதல்கட்டத் தொகுப்பை வீட்டில் முடித்துக்கொண்டு, ஒலி வேலைக்கு மட்டும் ஒரு மாதம் எடுத்தால் செலவு அடங்கும். முன்பணம் ஒரு மாத வாடகை.