அடுக்கு வகுத்தல்: கழிப்பதா, இடம் மாற்றுவதா?

காரைக்குடியில் சாயங்காலம் எட்டு, ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கணக்கு சொல்லிக்கொடுக்கிறேன். அடுக்குகளை வகுக்க மூன்று வழி உண்டு: விரித்து எழுதி அடிப்பது, மேல் அடுக்கிலிருந்து கீழ் அடுக்கைக் கழிப்பது, மைனஸ் அடுக்கை முதலில் பின்னக் கோட்டுக்கு மறுபக்கம் அனுப்பிவிடுவது. இந்த வருஷம் மூன்றாவதற்கு மாறிவிட்டேன், இனி அதுதான்.

விரித்து எழுதுவது முதல் நாளுக்கு மட்டும். 7⁴ ÷ 7⁴ஐ விரித்து அடித்தால் 1, கழித்தால் 7⁰. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிக் காட்டினால் 7⁰ ஏன் 1 என்று பிள்ளையே சொல்லிவிடும். அதற்குமேல் அந்த வழிக்கு வேலை இல்லை.

ப்ளஸ் அடுக்குக்குக் கழித்தலே போதும், அதை மிஞ்ச எதுவும் கிடையாது. சூரியன் சுமார் 1.5 × 10¹¹ மீட்டர் தூரத்தில் இருக்கிறது, ஒளி நொடிக்கு 3 × 10⁸ மீட்டர் போகிறது, வகுத்தால் 0.5 × 10³, அதாவது 500 நொடி. ஒரே வரியில் முடிந்தது.

மைனஸ் வந்தால்தான் சிக்கல். மேலே 3⁵ × 5⁻², கீழே 3⁻³ × 5⁴ என்று ஒரு கணக்கு. கழித்தல் வழியில் 5 − (−3) என்று எழுத வேண்டும். அவசரத்தில் அடைப்புக்குறி விட்டுப்போகும், 5 − 3 ஆகிவிடும், 3² என்று விடை எழுதிவிட்டுப் பிள்ளை அடுத்த கணக்குக்குப் போய்விடும். விதி தெரியாமல் வருகிற பிழை இல்லை இது, விதியைச் சொல்லச் சொன்னால் தூக்கத்தில்கூடச் சரியாகச் சொல்கிற பிள்ளையும் இதே இடத்தில்தான் வழுக்குகிறது. இடம் மாற்றும் வழியில் கீழே இருக்கும் 3⁻³ மேலே போய் 3³, மேலே இருக்கும் 5⁻² கீழே வந்து 5². இப்போது மேலே 3⁵ × 3³, கீழே 5² × 5⁴. கணக்கில் எங்கும் மைனஸே இல்லை, கூட்டினால் 3⁸ / 5⁶. பரீட்சையில் மிகை அடுக்கில், அதாவது ப்ளஸ் அடுக்கில், விடை கேட்டாலும் மேற்கொண்டு ஒன்றும் செய்ய வேண்டாம். "அக்கா, மைனஸ் எங்கே போச்சு?" என்று ஒரு பிள்ளை கேட்டது, 3⁻³ என்பது 1/3³தானே, ஒன்றை அதனால் வகுத்தால் 3³தானே என்று நோட்டிலேயே போட்டுக் காட்டினேன், அப்புறம் சந்தேகமே வரவில்லை.

ஆனால் ஒன்றை ஆரம்பத்திலேயே அழுத்திச் சொல்லிவிட வேண்டும். பெருக்கலில் இருப்பதைத்தான் இடம் மாற்றலாம், கூட்டலில் இருப்பதைத் தொடக்கூடாது. (2⁻¹ + 3) ÷ 5இல் 2⁻¹ஐக் கீழே இறக்கினால் 3/10 என்று வரும், சரியான விடை 7/10. கழித்தல் வழியில் இந்த ஆசையே வராது, அந்த அளவில் அது பத்திரமான வழிதான். பின்ன அடுக்கு வருகிற மேல் வகுப்புகளுக்கு நான் எடுத்ததில்லை, அங்கே எது நல்லது என்று அடித்துச் சொல்லமாட்டேன். எட்டாம் வகுப்பென்றால் இடம் மாற்றும் வழியையே முதலில் சொல்லிக்கொடுங்கள்.