‘அண்ணை, நீங்கள் அலையத் தேவையில்லை’

நெடுங்கேணி, புளியங்குளம், ஒட்டுசுட்டான் பக்கத்து ஆட்களில் சாரதி லைசென்ஸ் முடியப் போகிறவர்கள் யாராவது இருந்தால் இதைக் கொஞ்சம் பொறுமையாக வாசியுங்கள். லைசென்ஸ் புதுப்பித்துத் தருகிறோம் என்று என்னை ஏமாற்றிய கடையின் பெயரையோ ஆளின் பெயரையோ நான் எழுதப் போவதில்லை. முறைப்பாடு கொடுத்திருக்கிறேன், அது அதன் பாட்டில் போகட்டும். ஆளை விட அவன் வேலை செய்த விதத்தைத்தான் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

நான் பட்டா என்கிற சின்ன லொறி ஓடுகிறவன். தோட்டக்காரரிடம் மரக்கறி, வாழைக்குலை ஏற்றி வவுனியாச் சந்தையில் இறக்குவதுதான் தொழில். என் லைசென்ஸ் 2015 ஆகஸ்டில் எடுத்தது. மோட்டார்சைக்கிள், கார், பட்டா மாதிரியான சிறிய வாகனங்களுக்கு 8 வருடம், லொறி, பஸ் போன்ற கனரக வாகனங்களுக்கு 4 வருடம். ஆகவே எனக்கு 2023 ஆகஸ்டில் முடிகிறது. அது எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்துகொண்டே மூன்று மாதம் தள்ளிப்போட்டேன்.

ஏன் தள்ளிப்போட்டேன் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன், இந்தக் கதையே அதில்தான் தொடங்குகிறது. எனக்குக் கண் பயம். இரண்டு வருடமாக உர பாக்கில் உள்ள எழுத்தைக் கையை நீட்டிப் பிடித்துத்தான் வாசிக்கிறேன். இரவில் எதிரே வருகிற வாகனத்தின் லைட் விரிந்து தெரியும். புதுப்பிக்க வேண்டுமென்றால் தேசிய போக்குவரத்து மருத்துவ நிறுவகத்தில் மெடிக்கல் எடுக்க வேண்டும். அங்கே கண்ணில் என்னைக் கழித்துவிட்டால் பட்டா லீசிங் யார் கட்டுவது? இதை வீட்டிலும் சொல்லவில்லை. ஒரே ஒரு ஆளிடம்தான் வாய்விட்டேன். அந்த ஆள்தான் டவுனில் போட்டோக்கொப்பி எடுக்கிற கடையில் இருந்த அந்தத் தம்பி.

நான் போனது அடையாள அட்டை கொப்பி எடுக்க. “என்ன அண்ணை, லைசன்ஸுக்கா?” என்று அவனாகவே கேட்டான். ஓம் என்றேன். “ஏன் அண்ணை லைனில நிண்டு சாகிறியள்? நாங்கள் செய்து தாறம். நீங்கள் அலையத் தேவையில்லை.” கண் விஷயத்தைச் சொன்னேன். சிரித்தான். “அதெல்லாம் ஒரு பிரச்சினையே? மெடிக்கலுக்கு நீங்கள் வரவே தேவையில்லை. உள்ளுக்கு எங்கட ஆள் இருக்கு.”

அந்தச் சிரிப்பில்தான் நான் விழுந்தேன். 22,000 ரூபா கேட்டான். மெடிக்கலுக்கு இவ்வளவு, உள்ளே கொடுக்க இவ்வளவு, தனக்கு இவ்வளவு என்று ஒரு துண்டில் கணக்குப் போட்டுக் காட்டினான். அவ்வளவு ஒழுங்காகக் கணக்குக் காட்டுகிறவன் ஏமாற்றுவான் என்று யாருக்குத் தோன்றும்? ரசீது கேட்டேன். “இதுக்கு எப்பிடி அண்ணை ரசீது போடுறது?” என்றான். அந்த இடத்திலாவது எழும்பி வந்திருக்க வேண்டும். வரவில்லை. நிரப்பாத படிவத்தில் இரண்டு இடத்தில் கையெழுத்து வைத்தேன், பழைய லைசென்ஸ் அட்டையையும் கொடுத்தேன். அட்டையைக் கொடுத்ததுதான் நான் செய்த பெரிய மடத்தனம். காசு போனால் உழைக்கலாம். அட்டை அவன் கையில் இருக்கிற வரைக்கும் நான் அவனிடம் சத்தமாக ஒரு சொல் கதைக்க முடியாமல் போய்விட்டது.

அந்த நேரம் நாட்டு நிலையும் அவனுக்கு வசதியாக அமைந்துவிட்டது. 2022 பொருளாதார நெருக்கடிக்குப் பிறகு லைசென்ஸ் அச்சடிக்கிற பிளாஸ்டிக் அட்டைக்கே தட்டுப்பாடு வந்தது உங்களுக்கு நினைவிருக்கும். மோட்டார் போக்குவரத்துத் திணைக்களம் கடதாசியில் தற்காலிக அனுமதிப்பத்திரம் கொடுத்துக்கொண்டிருந்தது. அதனால் மூன்று கிழமை கழித்து அவன் ஒரு கடதாசியை லமினேட் பண்ணித் தந்து, “கார்ட் வரும் வரைக்கும் இதைக் காட்டுங்கோ, எல்லாருக்கும் இதுதான்” என்று சொன்னபோது எனக்குத் துளி சந்தேகமும் வரவில்லை. என் பெயர் இருந்தது, முத்திரை இருந்தது, சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் ஏதோ இருந்தது. எனக்கு வாசிக்கத் தெரியாத மொழியில் ஒரு முத்திரையைக் கண்டால் மரியாதை தானாக வந்துவிடுகிறது. இது எனக்கு மட்டும் உள்ள வருத்தம் இல்லை என்று நினைக்கிறேன்.

மெடிக்கல் எடுக்கவில்லை, கவுண்டரில் போய்ப் படம் எடுக்கவில்லை, ஆனால் லைசென்ஸ் புதுப்பித்தாயிற்று. இது எப்படி நடக்கும் என்று ஒரு நாள்கூட யோசிக்கவில்லை. அட்டையில் வருகிற படத்தை அலுவலகத்தில்தான் எடுப்பார்கள். நாம் கொண்டுபோகிற ஸ்டூடியோப் படம் அதற்கு உதவாது. ஆள் போகாமல் முகம் எங்கிருந்து வரும்?

நான்கு மாதம் அந்தக் கடதாசியோடு ஓடினேன். 2024 தைப்பொங்கலுக்கு இரண்டு நாள் முன்னர், பட்டா நிறையக் கதலிக் குலை. பொங்கலுக்கு முதல் நாள் வரைக்கும்தான் அந்த விலை, பிறகு ஆடு மாட்டுக்குத்தான். புளியங்குளத்தில் ஏ 9 வீதியில் ஏறி ஓமந்தை தாண்டுகிற இடத்தில் டிரபிக் பொலிஸ் மறித்தது. ஒரு காலத்தில் ஓமந்தை என்றாலே சோதனைச்சாவடி. பொதியை இறக்கி, கிண்டி, திருப்பிக் கட்டி, ஒரு நாள் போய்விடும். அந்தப் பழைய நடுக்கம் இன்னும் காலில் இருக்கிறது. ஆனால் அன்று நான் தைரியமாகத்தான் கடதாசியை நீட்டினேன்.

அந்த சார்ஜன்ட் அதைப் பிரட்டிப் பிரட்டிப் பார்த்தார். பிறகு யாருக்கோ போன் எடுத்து இலக்கத்தைச் சொன்னார். திரும்பி வந்து, “இது எங்க எடுத்தது?” என்று தமிழில் கேட்டார். கச்சேரியில் என்றேன். “பொய் சொல்ல வேணாம் அண்ணே. இந்த நம்பர் வேற ஆள்ட.” என் லைசென்ஸ் இலக்கத்தில் ஒரு எண் மாறியிருந்ததை அப்போதுதான் பார்த்தேன். அதுவும் அவர் விரலை வைத்துக் காட்டிய பிறகு, கையை நீட்டிப் பிடித்துத்தான்.

பிறகு நடந்ததை நீட்டவில்லை. பொலிஸ் நிலையம், வாக்குமூலம், பட்டா அங்கேயே. மச்சான் லைசென்ஸோடு வந்து வாகனத்தை எடுக்கும்போது பொழுது பட்டுவிட்டது. குலை எல்லாம் வெயிலில் வெதும்பி, அடுத்த நாள் அரை விலைக்கும் ஆள் இல்லை. நீதிமன்றத்தில் தண்டம் கட்டினேன். எவ்வளவு என்று இங்கே எழுதினால் வீட்டில் திரும்பவும் சண்டை தொடங்கும். ஒன்று சொல்கிறேன், லைசென்ஸ் இல்லாமல் ஓடியதோடு வழக்கு நின்றது என் அதிர்ஷ்டம். போலிக் கடதாசி வைத்திருந்ததற்கு அவர்கள் என்னையே குற்றவாளியாகப் பிடித்திருக்கலாம். “எனக்குத் தெரியாது சேர்” என்று சொல்லித் தப்ப முடியாது. அந்த நாளில் ஒரு விபத்து நடந்திருந்தால் இன்சூரன்ஸ்காரன் முதலில் கேட்பதும் லைசென்ஸைத்தான். அதை நினைத்தால் இப்போதும் வயிறு கலங்குகிறது.

பொங்கல் முடிந்த கையோடு கடைக்குப் போனேன். தம்பிக்கு முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. “மேலிடத்தில ஒரு பிழை நடந்திட்டுது அண்ணை, திருத்தித் தாறம்” என்றான். காசைத் திருப்பித் தா, அட்டையைத் தா என்றேன். அட்டை கொழும்பில் வெரஹெரவில், திணைக்கள அலுவலகத்தில் இருக்கிறது என்றான். பிறகு ஒரு யோசனையும் சொன்னான்: “லைசன்ஸ் துலைஞ்சிட்டுது எண்டு பொலிஸில ஒரு என்றி போடுங்கோ, அதை வைச்சுப் புதுசு எடுப்பம்.” தொலைந்த லைசென்ஸுக்குப் பொலிஸ் முறைப்பாட்டின் பிரதி தேவை என்பது உண்மைதான். ஆனால் தொலையாத ஒன்றைத் தொலைந்ததென்று நான் பொலிஸில் எழுதிக் கொடுத்தால் அடுத்த வழக்கும் என் தலையில்தானே?

மாமா ஒருவர் ஓய்வுபெற்ற கிராம சேவையாளர். அவரைக் கூட்டிக்கொண்டு மறுபடியும் போனேன். அவர் கத்தவில்லை, கதிரையை இழுத்து இருந்துகொண்டு, “தம்பி, லாச்சியத் திறவும்” என்று மட்டும் சொன்னார். திறந்தான். உள்ளே றப்பர் பாண்ட் போட்ட ஒரு கட்டு. எல்லாம் லைசென்ஸ் அட்டைகள். என் முகம் நாலாவதாக இருந்தது. அதற்கு மேலே இருந்த முகத்தையும் எனக்குத் தெரியும், எங்கள் சந்தியில் ஓட்டோ ஓடுகிறவர். அட்டை வெரஹெரவும் போகவில்லை, கச்சேரியும் போகவில்லை, அந்த லாச்சியை விட்டு ஒரு அடி நகரவில்லை. 22,000 ரூபாவில் 7,000 கிடைத்தது.

அன்று பின்னேரமே ஓட்டோக்காரரிடம் சொன்னேன். “எனக்கும் அதே கடதாசிதான் தந்தவன்” என்று சட்டைப் பையிலிருந்து எடுத்துக் காட்டினார். அவருடைய லமினேட் என்னுடையதை விட வடிவாக இருந்தது.

இனி நானே செய்த கதை. முதலில் 1919க்கு, அரச தகவல் நிலையத்துக்கு, எடுத்துக் கேட்டேன். தமிழில் கதைக்கலாம். அடையாள அட்டை, பழைய லைசென்ஸ், மெடிக்கல் சான்றிதழ், விண்ணப்பம், அவ்வளவுதான் என்றார்கள். இதை அந்தக் கொப்பிக் கடைக்குள் கால் வைக்க முன்னரே செய்திருக்கலாம்.

முதல் பஸ்ஸில் வவுனியா போய் மெடிக்கலுக்கு நம்பர் எடுத்தேன். உயரம், நிறை பார்த்தார்கள். பிரஷர் கூடிக் காட்டியது. “பயந்து வந்தனீங்களோ ஐயா? கொஞ்ச நேரம் இருந்திட்டு வாங்கோ” என்று அந்த நேர்ஸ் பிள்ளை சொல்லி, அரை மணித்தியாலம் கழித்து மறுபடி பார்த்தா. சரியாக இருந்தது. சீனி, பிரஷர் உள்ளவர்கள் கிளினிக் கொப்பியைக் கையோடு கொண்டு போங்கள், கேட்கும்போது காட்டலாம். காது பார்த்தார்கள், நிறம் பிரித்துச் சொல்லச் சொன்னார்கள். பிறகு அந்தக் கண் பலகை. கடைசி இரண்டு வரியும் எறும்பு மாதிரி இருந்தது. நான் பேசாமல் நின்றேன்.

டொக்டர் கேட்டது ஒன்றுதான்: “ஏன் கண்ணாடி போடேல்லை?”

கழிக்கவில்லை, திட்டவில்லை. கண்ணாடி எடுத்துக்கொண்டு வரச் சொன்னார். 6,500 ரூபாவுக்குக் கண்ணாடி செய்து, அடுத்த கிழமை அதே பலகைக்கு முன்னால் நின்று கடைசி வரி வரைக்கும் வாசித்தேன். சான்றிதழ் கிடைத்தது. அது 6 மாதத்துக்குத்தான் செல்லும், எடுத்து அலுமாரியில் வைக்காதீர்கள். லைசென்ஸில் எனக்குக் கண்ணாடி போட்டுத்தான் ஓட வேண்டும். ஓடிப் பார்த்தால், இவ்வளவு காலமும் இரவில் நான் எப்படி ஓடினேன் என்று எனக்கே பயமாக இருக்கிறது.

திணைக்கள அலுவலகத்தில் எனக்கு ஒரு சிக்கல் வந்தது. பழைய லைசென்ஸில் வேறு விலாசம், அடையாள அட்டையில் வேறு விலாசம். இடம்பெயர்ந்து, முகாமில் இருந்து, மீள்குடியேறி வந்த நம் ஆட்களில் பாதிப் பேருக்கு இந்தக் கோளாறு இருக்கும். கிராம சேவையாளரின் வதிவிடக் கடிதத்தில் பிரதேச செயலாளரின் மேலொப்பம் வாங்கி வரச் சொன்னார்கள். அதற்கு ஒரு நாள் போனது. விலாசம் மாறியவர்கள் அதை முன்னரே எடுத்துக்கொண்டு போனால் அந்த ஒரு நாள் மிச்சம். பெயரின் ஆங்கில எழுத்துகள் இரண்டு அட்டையிலும் ஒரே மாதிரி இருக்கிறதா என்றும் வீட்டிலேயே பாருங்கள்.

அப்புறம் அங்கேயே படம் எடுத்தார்கள், கையெழுத்து வாங்கினார்கள், காசு கட்டி ரசீது வாங்கினேன். தற்காலிகப் பத்திரமும் கையில் தந்தார்கள். மெடிக்கல், புதுப்பிக்கிற காசு, பஸ் எல்லாம் சேர்த்துப் பார்த்தேன். அவனுக்குக் கொடுத்ததில் பாதிகூட வரவில்லை. அட்டை பிறகு தபாலில் வந்தது.

ஒரே நாளில் வேண்டுமென்றால் வெரஹெர போகலாம், அங்கே ஒருநாள் சேவை இருக்கிறது. ஆனால் அதற்கும் நீங்கள்தான் போக வேண்டும். காசு வாங்கிக்கொண்டு “உங்களுக்குப் பதிலாக வெரஹெரவில் எங்கட ஆள் நிப்பார்” என்கிறவனும் இதே ஆள்தான், வேறு சட்டை போட்டிருப்பான். உள்ளே கொடுக்க என்று யாராவது காசு கேட்டால் இலஞ்ச ஆணைக்குழுவின் இலக்கம் 1954. நான் முதல் நாளே அதற்கு எடுக்கவில்லை, ஏனென்றால் அன்று கொடுக்கத் தயாராக இருந்தவனே நான்தான்.

போன கிழமை அந்தக் கடைப் பக்கம் போனேன். லைசென்ஸ் என்று எழுதியிருந்த மட்டையைக் காணவில்லை. அதே இடத்தில் ‘பாஸ்போர்ட் அலுவல்கள் செய்து தரப்படும்’ என்று புதிய மட்டை தொங்குகிறது.

வருகிற செவ்வாய் ஓட்டோக்கார அண்ணையையும் இன்னும் இரண்டு பேரையும் கூட்டிக்கொண்டு மெடிக்கலுக்குப் போகிறேன். பட்டாவில் பின்னால் ஆள் ஏற்றினால் அதற்கும் தண்டம், ஆகவே பஸ்ஸில்தான். யாராவது சேர்ந்து வருவதென்றால் விடிய முதல் பஸ்ஸுக்குச் சந்திக்கு வாருங்கள். அடையாள அட்டையை மறக்க வேண்டாம், கண்ணாடி இருந்தால் அதையும்.