நில எடுப்பு இழப்பீட்டுக்குத் தனியார் மதிப்பீட்டாளர்: அறிக்கைக்கு முழு மார்க், நடத்தைக்குப் பாதி

கால்வாய்க்கு எடுத்த நிலத்துக்கு அரசு நிர்ணயித்த தொகை போதாது என்று கேட்கப் போகிறவர்கள் முதலில் வக்கீலைத்தான் தேடுவார்கள். நாங்களும் நல்ல வக்கீலாகத்தான் பார்த்தோம், ஆனால் அவர் வாதாடுவதற்குக் கையில் ஏதாவது இருக்க வேண்டுமே. அதற்காக ஒரு தனியார் நில மதிப்பீட்டு நிறுவனத்தை அமர்த்தினோம். குறையும் சொல்லப் போவதால் பெயர் போடவில்லை.

முதலில் நல்லது. வந்தவர் எடுபட்ட பகுதியைச் சீக்கிரமே பார்த்து முடித்துவிட்டு, மிச்சமிருக்கும் நிலத்தில்தான் நெடுநேரம் நடந்தார். கிணறு கால்வாய்க்கு அந்தப் பக்கம் போய்விட்டது, வயல் இந்தப் பக்கம். வயலின் ஒரு மூலை கூராக ஒடுங்கி, டிராக்டரைத் திருப்பக்கூட இடமில்லாமல் நிற்கிறது. அதையெல்லாம் டேப் பிடித்து அளந்து, சர்வே நம்பரோடு வரைபடம் போட்டு அறிக்கையில் சேர்த்தார். அரசுக் கணக்கில் அந்தக் கிணறு எடுக்கப்படாத சொத்து, அதனால் அதற்குப் பைசா இல்லை! ஆனால் 2013 நில எடுப்புச் சட்டத்தின் 28-ஆம் பிரிவு, நிலம் துண்டாவதால் வரும் நஷ்டத்தையும் மிச்சச் சொத்துக்கு வரும் பாதிப்பையும் பார்க்கச் சொல்கிறது. கேட்காமல் யாரும் கொடுக்க மாட்டார்கள், அவ்வளவுதான்.

அப்புறம் பத்திரக் கணக்கு. 26-ஆம் பிரிவின்படி முந்தைய 3 ஆண்டுகளில் பக்கத்தில் நடந்த கிரயங்களில் விலை அதிகமான பாதியை மட்டும் எடுத்துச் சராசரி போட வேண்டும், அந்தச் சராசரியும் வழிகாட்டி மதிப்பும் எது அதிகமோ அது. எங்கள் அவார்டில், அதாவது இழப்பீட்டை நிர்ணயித்த அரசு உத்தரவில், எல்லாப் பத்திரத்தையும் ஒன்றாகப் போட்டுச் சராசரி எடுத்திருந்தார்கள். இவர் சார்பதிவாளர் அலுவலகத்தில் நகல் வாங்கி மறுபடி கணக்குப் போட்டார். முத்திரைத் தீர்வையை மிச்சம் பிடிக்க விலையைக் குறைத்துப் பதிந்த புண்ணியவான்கள் எங்கள் பக்கமும் உண்டு, அதற்கு எந்த மதிப்பீட்டாளராலும் ஒன்றும் செய்ய முடியாது. ஆனாலும் இந்த இடத்தில் மல்லுக்கட்டுவது வீண் இல்லை: கிராமத்து நிலமாக இருந்து பெருக்கல் காரணி (அடிப்படை விலையை எத்தனை மடங்காக்க வேண்டும் என்ற எண்) 2 என்றால், அதன்மேல் கட்டாயமாக நிலத்தை எடுப்பதற்காகத் தரும் நூறு சதவீத ஆறுதல் தொகையும் சேர்ந்து, அடிப்படை விலையில் ஒரு ரூபாய் கூடினால் கைக்கு நான்கு ரூபாய் வரும்.

இனி குறை. அவார்டின்போது நேரில் இருந்தவர்களுக்கு 64-ஆம் பிரிவில் கூடுதல் இழப்பீடு கேட்டு மனு கொடுக்க 6 வாரம்தான், அது தெரிந்தும் அறிக்கையை இழுத்தடித்தார்கள். போன் எடுக்க மாட்டார்கள், எடுத்தால் 'இன்று மாலை சார்'. கடைசியில் வக்கீல் அறிக்கைக்குக் காத்திராமல் மனுவைப் போட்டுவிட்டார், அதுதான் சரி, அறிக்கையைப் பிறகு இந்த இழப்பீட்டுத் தகராறை விசாரிக்கும் ஆணையத்தில் கொடுக்கலாம்.

கட்டணப் பேச்சு இன்னும் மோசம். மொத்த இழப்பீட்டில் சதவீதம் கேட்டார்கள். அரசு ஏற்கெனவே தருவதாகச் சொன்ன பணத்தில் இவர்களுக்கு என்ன பங்கு? கூடுதலாகக் கிடைப்பதில் சதவீதம் என்றாலும் வேண்டாம் என்பேன், ஏனென்றால் குறுக்கு விசாரணையில் அரசு வக்கீல் கேட்கிற முதல் கேள்வியே 'தொகை கூடினால் உங்களுக்கும் பங்கு உண்டா?' என்பதாகத்தான் இருக்கும், அதற்கப்புறம் அந்த அறிக்கையை யார் நம்புவார்கள்? பேசிப் பேசி ஒரே தொகையாக முடித்தோம். கூண்டேறிச் சாட்சி சொல்லத் தனிக் கட்டணம் என்பது அதற்கப்புறம்தான் தெரிந்தது.

ஆனால் ஒரு விஷயத்துக்கு அந்த மதிப்பீட்டு நிறுவனத்துப் பையனுக்கு நன்றி சொல்ல வேண்டும். பணம் வாங்கும்போது 'ஆட்சேபத்துடன் பெறுகிறேன்' என்று எழுதிக் கையெழுத்துப் போடச் சொன்னது அவன்தான். அப்படி எழுதாமல் வாங்கினால் 77-ஆம் பிரிவின்படி அப்புறம் கூடுதல் கேட்டு மனுவே போட முடியாது.

வழக்கு இன்னும் ஆணையத்தில் இருக்கிறது, எவ்வளவு கூடும் என்று இப்போது சொல்ல முடியாது. நிலம் துண்டாகிப் போனவர்கள் இப்படி ஒருவரை அமர்த்தலாம், செலவுக்குத் தகும். முழு நிலமும் போய், தகராறு பத்திர விலையில் மட்டும் என்றால், நகல் எடுத்துக் கணக்குப் போட வக்கீலின் ஜூனியரே போதும். தேசிய நெடுஞ்சாலைக்கு எடுத்த நிலம் என்றால் வழியே வேறு, அங்கே தேசிய நெடுஞ்சாலைச் சட்டத்தின் 3ஜி(5) பிரிவில் நடுவரிடம் போக வேண்டும், அந்த வேலை தெரிந்த ஆளாகப் பாருங்கள். யாராக இருந்தாலும் சாட்சிக் கட்டணத்தை முன்பணம் கொடுப்பதற்கு முன்பே எழுத்தில் வாங்கிவிடுங்கள்.